மொழிபெயர்ப்புக் கூலி

நாளொன்றுக்கு மூவாயிரத்தைந்நூறு,
மத்தியானச் சோறு வேறு.
பனிச்சங்கேணிப் பாலத்தில் வாகனம் ஏறும்போதே
கலாநிதி கேட்டார்:
கல்வீடுகள் எங்கே முடியும்?

சீதேவிப்பிள்ளையின் வீடும் கல்வீடுதான்.
கடல் எடுத்ததற்குப் பிறகு ஒரு நிறுவனம் கட்டியது.
நிறுவனத்தின் பெயர் சுவரில் நீலமாக, பெரிதாக.
அதன்மேல் ஒரு பன்பாயைத் தொங்கவிட்டோம்.
முற்றத்துச் சிவப்பு பிளாஸ்டிக் கதிரையை
நான்தான் தூக்கிக் கிணற்றடியில் ஒளித்தேன்.
ஒரு கால் வெடித்து, கம்பி சுற்றிய கதிரை.

வில் இருக்குமா என்றார்.
பள்ளிக்கூட அலுமாரிக்குப் பின்னால் ஒன்று கிடந்தது,
கலைவிழாவில் அருச்சுனன் பிடித்தது.
ஜிகினாத்தாளை உரிக்க அரைமணி நேரம்.
கதிராமத்தம்பி சட்டையைக் கழற்ற மாட்டேன் என்றான்.
பிறகு கழற்றினான்.
எவ்வளவுக்கு என்று எழுதினால் அவனுக்கு வெட்கம்.

கலாநிதி கெட்டவர் இல்லை.
பிள்ளைகளுக்கு பிஸ்கட் கொண்டுவந்தார்,
செத்தவர்களின் பெயர்களைக் கேட்டுக் கண் கலங்கினார்.
அவர் முகம் வாடக்கூடாதென்று எனக்கொரு பதட்டம்,
அவ்வளவுதான்.

கடலுக்குப் போகுமுன் என்ன செய்வீர்கள்?
"போனுக்குச் சார்ஜ் போடுவம்."
ஆயத்தமாவோம், என்றேன் ஆங்கிலத்தில்.
அவர் எழுதினார்: சடங்கு.
தெய்வத்திடம் என்ன கேட்பீர்கள்?
"கிழமைக் கடன்காரன் வரப்படாது எண்டு."
தீயவை அண்டாதிருக்க, என்றேன்.
காடு?
"உள்ளுக்குப் போனா வன இலாகா பிடிக்கும். கோட்டுல தண்டம்."
காடு எங்களுக்கு மூடிவிட்டது, என்றேன்.
அவர் பேனையைக் கீழே வைத்துவிட்டுக்
கொஞ்ச நேரம் மரங்களையே பார்த்தார்.
நான் சொன்னதில் எதையும் பொய்யென்று
யாரும் நிரூபிக்க முடியாது.

இரண்டு வருடம் கழித்துப் புத்தகம் வந்தது.
வழவழத்த அட்டை, விலைக்கு இரண்டு வலை வாங்கலாம்.
நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் அவள்,
பின்னால் பாய், பக்கத்தில் வில்லோடு புருசன்.
கீழே: தன் இனத்தின் கடைசி வேட்டைக்காரி.
நாலு பிள்ளை பெற்றவள்.
மூத்தவள் டிலுக்சிகா டியூசன் முடிந்து
அப்போதுதான் சைக்கிளைச் சாத்தினாள்.

"வாசி மனே" என்றாள் சீதேவிப்பிள்ளை.
வாசித்தேன். அதாவது,
மறுபடியும் மொழிபெயர்த்தேன்.
கடைசி என்பதை விட்டேன்.
வேட்டைக்காரியைக் கடற்தொழில் செய்பவர் ஆக்கினேன்.
முழுக்கக் கேட்டுவிட்டு அவள் சொன்னாள்:
"கோயில் கதை எந்தப் பக்கத்தில?"

அன்றைக்கு அவள் பேசியதில் அரைவாசி அதுதான்.
திருவிழாவுக்குத் தேன் அவர்கள் கொண்டுவர வேண்டும்.
திருநீறு கடைசியில்தான்,
அதுவும் கைபடாமல் மேலிருந்து விழும்.
வண்ணக்கர் என்ன சொல்லி அவள் தகப்பனை
மடைப்பள்ளி வாசலில் நிறுத்தினார் என்பதையும் சொன்னாள்,
சொல்லுக்குச் சொல்.
மழையைப் பற்றி ஏதோ பழங்கதை, என்றேன் கலாநிதியிடம்.
வண்ணக்கர் என் அம்மாவின் தம்பி.
அந்தச் சொல்லை இங்கேயும் நான் எழுதவில்லை.

பக்கங்களைப் புரட்டினேன்,
தேடுகிறவன் மாதிரி,
பின்னிணைப்பு, சொல்லடைவு, நன்றியுரை வரைக்கும்.
நன்றியுரையில் என் பெயர் இருந்தது, எழுத்துப் பிழையோடு.

டிலுக்சிகா புத்தகத்தை வாங்கினாள்.
படத்தைத் திறந்து
தாய்க்கு வலப்பக்கம், வெறும் மணலில்,
நீலப் பேனையால் கீறத் தொடங்கினாள்:
முதுகு, இரண்டு கை, மூன்று கால்.
நாலாவதில் நிறுத்தி, குனிந்து பார்த்தாள்.
எனக்கு இருக்கப் போட்டிருந்ததும் அதே கதிரை.

"அண்ணே, காலைக் கொஞ்சம் அங்கால எடுங்க.
கம்பி எத்தின சுத்தெண்டு தெரியல்ல."